மதினி வாசித்த மகான்

எங்கள் குடும்பத்தில் எழுத்துக் கூட்டி வாசிக்கத் தெரிந்த முதல் ஆள் நான். அதைப் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தவன், அதனால் வந்த பொறாமையையும் நானே சொல்லிவிடுவதுதான் முறை.

தேனிப் பக்கம் தேவாரம் என்கிற எங்கள் ஊரில், ஏலக்காய் பொறுக்கும் கொட்டகை ஒன்றில் அம்மா வேலை பார்க்கிறாள். மலையிலிருந்து காய்ந்து வரும் காயைக் குவித்து வைத்து, பத்துப் பன்னிரண்டு பெண்கள் சுற்றி உட்கார்ந்து, பெரிய காய், சின்னக் காய், வெடித்தது, நிறம் மங்கியது என்று சொளகில், அதாவது முறத்தில், அள்ளிப் பிரிப்பார்கள். கண்ணுக்கும் கைக்கும் ஓய்வே கிடையாது. காது மட்டும் சும்மா கிடக்கும். செல்போனில் ஆளுக்கொரு பாட்டு வைத்துச் சண்டை வருகிறதென்று முதலாளி போனை வாங்கி வெளியே வைக்கச் சொல்லிவிட்டார். அந்தச் சும்மா கிடந்த காதில்தான் நான் போய்ச் சேர்ந்தேன்.

பாலிடெக்னிக்கில் சிவில் முடித்துவிட்டு அரசுத் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்த சமயம். பொது அறிவுக்கு ஆகும் என்று கிளை நூலகத்திலிருந்து வாழ்க்கை வரலாறுகளாக எடுத்து வருவேன். பாலம் கட்டியவர், ரயில் பாதை போட்டவர், ராஜா, மகான் என்று எதுவும் விடுவதில்லை. அம்மாவுக்கு மத்தியானச் சோறு கொண்டு போன ஒரு நாள், கையில் இருப்பது என்னவென்று கேட்டார்கள். இரண்டு பக்கம் வாசித்தேன். மறுநாளும் வாசிக்கச் சொன்னார்கள். அப்படியே அது வழக்கமாகிவிட்டது.

நான் வாசித்த விதத்தையும் சொல்ல வேண்டும். பிறந்த வருஷம், ஊர், தகப்பனார் பெயர், படித்த படிப்பு, வகித்த பதவி ஒன்றையும் விடமாட்டேன். அத்தியாயம் முடிந்ததும், எந்த வயதில் பட்டம் வாங்கினார், எத்தனை பாலம் கட்டினார் என்று கேள்வி கேட்பேன். காயிலிருந்து கண்ணெடுக்காமல் அவர்களும் தோராயமாக ஏதாவது சொல்வார்கள். தப்பென்றால் திருத்துவேன். குச்சனூரிலிருந்து பஸ்ஸில் வரும் ஒரு அக்கா எனக்கு ‘வாத்தியாரு’ என்று பேர் வைத்தார். அது கேலி என்று அப்போது எனக்கு உறைக்கவில்லை. அம்மா தலையைக் குனிந்து சிரித்துக்கொள்வாள். அந்தச் சிரிப்புக்காகவே இன்னும் கொஞ்சம் சத்தமாக வாசிப்பேன்.

பிறகு அண்ணனுக்குக் கல்யாணம் ஆயிற்று. அண்ணன் ஐந்தாவதோடு நின்றுவிட்டவன். தோட்ட வேலைக்கு ஆளேற்றி மலைக்குப் போகும் ஜீப் ஓட்டுகிறான். மதினி வருசநாட்டுப் பக்கம். பன்னிரண்டாவது முடித்தவர் என்று நிச்சயத்தன்றே சொன்னார்கள். எனக்கு அது பெரிதாகப் படவில்லை. வந்த மறுமாதமே அவரும் அம்மாவோடு கொட்டகைக்குப் போக ஆரம்பித்தார்.

ஒரு தேர்வு எழுத நான் தேனிக்குப் போயிருந்த அன்று, வீட்டில் கிடந்த புத்தகத்தை எடுத்துப்போய் மதினி வாசித்திருக்கிறார். மறுநாள் நான் போய் வழக்கமான இடத்தில் உட்கார்ந்து புத்தகத்துக்குக் கையை நீட்டினேன். குச்சனூர் அக்கா சொன்னார்: “நீ செத்த இரு தம்பி. நேத்து ஒங்க மதினிதான் வாசிச்சா. விட்ட எடத்துல இருந்து அவளே வாசிக்கட்டும்.”

அது ஒரு மகானுடைய கதை. வடக்கே எங்கேயோ துணிக்கடை வைத்திருந்தவர். ஒரு நாள் கடையைப் பூட்டி, சாவியைக் கையில் எடுத்துக்கொண்டு, வீட்டுக்குப் போகாமல் அப்படியே நடந்து போய்விட்டார். நான் வாசித்திருந்தால் அவர் போன வருஷத்தைச் சொல்லிவிட்டு அடுத்த பக்கம் போயிருப்பேன். மதினி அந்த இடத்தில் நிறுத்தினார். கொட்டகையே கொந்தளித்தது. பெண்டாட்டியிடம் சொன்னாரா? சொல்லவில்லை. பிள்ளை இருந்ததா? இரண்டு. அன்றைக்கு உலை வைக்க அரிசி இருந்ததா? புத்தகத்தில் போடவில்லை என்றார் மதினி. “எப்படிப் போடுவாக? எழுதுனவுகளும் ஆம்பளையாத்தான் இருப்பாக,” என்று அக்கா சொல்ல, அம்மா வாய்விட்டுச் சிரித்தாள். குனிந்துகொள்ளாமல், எல்லாருக்கும் முன்னால்.

இன்னொன்றையும் அன்றுதான் கவனித்தேன். வாசிக்கிறவருக்குப் பொறுக்கக் கை கிடையாது அல்லவா? சுற்றி இருந்தவர்கள் தங்கள் சொளகிலிருந்து ஒவ்வொரு பிடி பொறுக்கிய காயை எடுத்து மதினியின் சொளகில் போட்டுக்கொண்டே இருந்தார்கள். யாரும் யாரையும் கேட்கவில்லை. சாயங்காலம் பார்த்தால் மற்றவர்களுக்கு இருக்கிற அளவு அவருக்கும் இருந்தது. அத்தனை நாள் வாசித்த எனக்காக ஒருவரும் ஒரு காயைக்கூட நகர்த்தியதில்லை. நான் அங்கே பொறுக்குகிற ஆளே இல்லை, எனக்கு எதற்கு நகர்த்துவார்கள் என்பது புத்திக்குத் தெரிந்தது. நெஞ்சுக்குத் தெரியவில்லை.

ஒரு வாரம் பொறுத்தேன். மதினிக்குச் சில எழுத்து இழுக்கும், நீளமான வார்த்தையை இரண்டாகப் பிய்த்து வாசிப்பார். வீட்டில் அண்ணனிடம் அதைச் சொல்லிக் காட்டினேன். அவன் சோற்றைப் பிசைந்துகொண்டே, “எனக்கு அதுவும் வராதுல்ல,” என்றான்.

அடுத்த திங்கட்கிழமை காலை, கதை முக்கால்வாசி வந்திருந்தபோது, புத்தகத்தைக் கொண்டுபோய் நூலகத்தில் திருப்பிக் கொடுத்துவிட்டேன். தவணை முடிந்துவிட்டது, இனி அபராதம் போடுவார்கள் என்று வீட்டில் சொன்னேன். தவணைக்கு இன்னும் ஆறு நாள் இருந்தது. மதினி என்னை ஒரு தடவை பார்த்துவிட்டு, “சரி தம்பி,” என்று மட்டும் சொன்னார். கதை பாதியில் நின்றால், அதை முடிக்க என்னைத்தான் கூப்பிடுவார்கள் என்று கணக்குப் போட்டேன்.

யாரும் கூப்பிடவில்லை. மூன்றாம் நாள் காலை, கொட்டகையில் மதினி சொன்ன மிச்சக் கதையை அம்மா அண்ணனிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். பல வருஷம் கழித்து அந்த மகான் தன் வீட்டு வாசலில் வந்து நிற்கிறாராம். உள்ளே இருக்கிற பெண்டாட்டி கதவைத் திறக்கவில்லை. திட்டவும் இல்லை. “கடைச் சாவி எங்க?” என்று மட்டும் கேட்கிறாளாம். சொல்லிவிட்டு அம்மாவுக்குக் கண்ணில் தண்ணீர் வரச் சிரிப்பு. அண்ணனும் சிரித்தான்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்படி ஒரு கட்டம் எந்த வரலாற்றில் வரும்? நேரே நூலகத்துக்குப் போய் அதே புத்தகத்தைத் திரும்ப எடுத்தேன். அலமாரிக்குப் பக்கத்தில் நின்றபடியே கடைசி இரண்டு அத்தியாயங்களை வாசித்தேன். மகான் திரும்பி வரவே இல்லை. ஆற்றங்கரையில் சமாதி அடைகிறார். மனைவியைப் பற்றி ஒரே ஒரு வரி, ‘அம்மையாரும் நல்வாழ்வு வாழ்ந்து மறைந்தார்’ என்று. எனக்கு அப்படி ஒரு சந்தோஷம். மதினியின் புளுகைப் பிடித்துவிட்டேன்.

மத்தியானம் கொட்டகைக்குப் போனேன். புத்தகம் மறுபடி கிடைத்துவிட்டது, கடைசிப் பகுதியை வாசிக்கிறேன் என்றேன். யாரும் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஒரு எழுத்து விடாமல் வாசித்தேன். அம்மையார் வரியை இரண்டு தடவை வாசித்தேன். முடித்துவிட்டு மதினியைப் பார்த்தேன். அவர் வெடித்த காயைத் தனியே எடுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்.

குச்சனூர் அக்காதான் பேசினார். “அது எங்களுக்குத் தெரியும் தம்பி. பொஸ்தகம் போயிருச்சு, மிச்சம் எனக்குத் தெரியாது, நானாத்தான் சொல்லப் போறேன்னு அவ அன்னைக்கே சொல்லிட்டா. சாவியக் கேக்கச் சொன்னது ஒங்க ஆத்தா.”

அம்மாவைப் பார்த்தேன். அவள் சொளகைத் தட்டிக்கொண்டிருந்தாள். எழுத்துத் தெரியாத என் அம்மா ஒரு மகான் கதைக்குள் புகுந்து ஒரு வரி போட்டிருக்கிறாள். நான் வாசித்த நாள்களில் அவள் வாயிலிருந்து வந்ததெல்லாம், என் கேள்விக்குத் தப்புத் தப்பாகச் சொன்ன வருஷங்கள்தான்.

அக்கா அதோடு விடவில்லை. “பொஸ்தகம் ஏன் அப்படி அவசரமாப் போச்சுன்னுதான் எங்களுக்குத் தெரியல,” என்றார்.

“தவணை முடிஞ்சிருச்சுக்கா. தம்பி சொன்னாரு,” என்றார் மதினி. குரலில் குத்தல் எதுவும் இல்லை. என் கையிலிருந்த புத்தகத்தை வாங்கி, முதல் அட்டைக்குள் ஒட்டியிருக்கும் தேதிச் சீட்டைப் பார்த்தார். போன தடவை குத்திய தவணைத் தேதி வர இன்னும் நாள் இருந்தது; அதற்கு நேர் கீழே அன்றைய முத்திரை. பார்த்துவிட்டு அட்டையை மூடி என்னிடமே கொடுத்தார்.

அந்தச் சீட்டில் இருப்பதை வாசிக்க எங்கள் வீட்டில் மதினி வரும்வரை என்னைத் தவிர ஆள் கிடையாது. மருந்துச் சீட்டாகட்டும், ரேஷன் கடை அறிவிப்பாகட்டும், பாங்கிலிருந்து வந்த கடிதமாகட்டும், நான் சொன்னதுதான் அதில் இருப்பது. சரிபார்க்க யாரும் இல்லாமலே இருபத்து மூன்று வயது வரை வளர்ந்துவிட்டேன். அதனால்தான், இன்னொருவர் அந்தத் தேதியைப் படிப்பார் என்பது பொய் சொன்னபோது எனக்குத் தோன்றவே இல்லை. அந்தச் சீட்டைப் பார்த்திருந்த மதினிக்கு முதல் நாளே தெரிந்திருக்கிறது. தெரிந்துதான் ‘சரி தம்பி’ என்றிருக்கிறார்.

அன்று வீடு திரும்பும் வழியில் அம்மா என்னோடு நடந்து வந்தாள். தெருமுனை வந்ததும், “இனிமே பொஸ்தகம் நீ எடுத்துட்டு வா. அவ வாசிக்கட்டும்,” என்றாள். கடையில் ஏதோ வாங்கி வரச் சொல்வது மாதிரி இருந்தது. வாத்தியார் வேலை அதோடு போயிற்று.

அடுத்த புத்தகத்தை யோசித்துத்தான் எடுத்தேன். எங்கள் பக்கத்து அணையைக் கட்டியவருடைய கதை இங்கே சின்னப் பிள்ளைகளுக்கும் தெரியும். அதனால் வடக்கே வேறொரு ஆற்றில் அணை கட்டிய ஒரு இன்ஜினியருடைய வரலாற்றை எடுத்தேன். நான் படித்த படிப்பு. மதினிக்குத் தெரியாதது ஏதாவது அதில் வரும், அங்கே தடுமாறுவார் என்று எண்ணித்தான் எடுத்தேன். நல்ல எண்ணம் என்று சொல்லமாட்டேன்.

நாலாம் நாள் நான் எதிர்பார்த்தது வந்தது. கொட்டகை வாசலில் உட்கார்ந்திருந்தேன். இன்ஜினியர் ஆற்றுக்குள் அஸ்திவாரம் போடுகிற இடம். குச்சனூர் அக்கா கேட்டார்: “ஓடுற ஆத்துக்குள்ள எப்படி ஆத்தா செவரு எழுப்புறது? தண்ணி அடிச்சிட்டுப் போயிறாது?”

மதினி பக்கத்தைப் புரட்டிப் பார்த்தார். போடவில்லை என்றார். பிறகு வாசல் பக்கம் திரும்பி என்னைப் பார்த்தார். எல்லாரும் பார்த்தார்கள். எனக்குத் தெரியும். வகுப்பில் படம் போட்டுப் படித்தது. ஆனாலும் உடனே சொல்லவில்லை. அவர் தெரியாமல் இருப்பதை எல்லாரும் கொஞ்ச நேரம் பார்க்கட்டும் என்று இருந்தேன். அம்மாவின் கை சொளகில் நின்றுவிட்டது. அதைப் பார்த்த பிறகுதான் வாயைத் திறந்தேன். ஆற்றை மொத்தமாக மறிக்கமாட்டார்கள், முதலில் பாதி ஆற்றைச் சுற்றித் தற்காலிகமாக ஒரு கரை போட்டு, தண்ணீரை மறுபாதியில் விட்டுவிட்டு, உள்ளே இருப்பதை இறைத்துச் சுவர் எழுப்புவார்கள், பிறகு அதே மாதிரி மறுபாதி என்றேன். வருஷம் எதுவும் சொல்லவில்லை.

அக்கா என் பக்கமே பார்க்காமல் மதினியிடம் கேட்டார்: “அப்படித்தானா ஆத்தா?”

“தம்பிதான அதப் படிச்சிருக்காரு. சரியாத்தான் இருக்கும்,” என்றார் மதினி.

அதற்குப் பிறகுதான் அக்கா தலையாட்டினார்.