தெரியாத மாதிரி

சூடான ரப்பரின் வாசனை. இப்போதும் அது மூக்கில் ஏறினால் முதலில் உள்ளங்கை வியர்க்கும். பிறகுதான் மனசுக்குச் செய்தி போகும். தேர்வாய் கண்டிகை தொழிற்பேட்டையில், கார்களுக்குப் போகும் ரப்பர் வளையங்களில் குறை இருக்கிறதா என்று பார்ப்பது என் வேலை. ஒரு மதியம், வளையம் கையில் இருக்க, மூச்சு வந்தது, போதவில்லை. செத்துக்கொண்டிருக்கிறேன் என்று நிச்சயமாகத் தெரிந்தது.

ஆஸ்பத்திரியில், இதயத்தில் ஒன்றுமில்லை என்றார்கள். திருவள்ளூரில் ஒரு மனநல மருத்துவரிடம் அனுப்பினார்கள். அவர் அறைக்கு வெளியே நடைகூடத்தில் முந்தானையை முகத்துக்கு இழுத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பீதி நோய் (காரணமில்லாமல் திடீரெனக் கிளம்பி உடம்பை உலுக்கும் அச்சம்) என்றார் டாக்டர் வசந்தா. நோயைவிட அவருடைய பெயர்ப்பலகைதான் எனக்குப் பயமாக இருந்தது. கம்பெனியில், சுகர் டாக்டரிடம் போவதாகச் சொல்லிவைத்தேன்.

"டாக்டருங்க சங்கத்துக்கே தலைவியா இருந்தவங்களாம்," என்றார் என் கணவர் தாஸ். "டாக்டருங்க எப்டி நடந்துக்கணும்னு ரூல்ஸ் போட்டதே இவங்கதானாம். நீ இன்னாத்துக்கு பயந்துக்கினு கீற?"

மாத்திரை வேலை செய்தது. தூக்கம் வந்தது. ரசத்தில் உப்பு தெரிந்தது.

பிறகு ஒருநாள் எங்கள் கம்பெனிக்கே டாக்டர் வந்தார், மனநலம் பற்றிப் பேச. கேன்டீனில் என்னைக் கடக்கும்போது பாதி சிரித்தேன். அவர் கண் சுவரைக் கடப்பதுபோல என்னைக் கடந்தது.

மேனேஜர் கேட்டார்: "நம்ம ஆளுங்க யாராவது உங்ககிட்ட வர்றாங்களா மேடம்? சொன்னா நாங்களும் கவனிச்சிப்போம்."

"வந்தாலும் சொல்ல மாட்டேன் சார். வரலைன்னாலும் சொல்ல மாட்டேன்."

என்னோடு வேலை பார்க்கும் செல்வி என் காதில், "பைத்தியத்துக்கு வைத்தியம் பாத்து பாத்து இவங்களும் அப்டி ஆயிட்டாங்க போலக்குதுக்கா," என்றாள். நான் சிரித்தேன். சத்தமாகவே சிரித்தேன்.

டாக்டரின் பதில் எனக்குள் இறங்கவில்லை. தாண்டிப்போன அந்தக் கண் மட்டும் இறங்கியது. என்னைத் தெரியும் என்று காட்டிக்கொள்ள அவருக்கே கூச்சம் போலும். அன்றோடு மாத்திரையை நிறுத்தினேன்.

இதைப் படிக்கும் நீங்கள் அப்படிச் செய்யாதீர்கள். திடீரென நிறுத்தினால் தலைக்குள் மின்னல் வெட்டும், தரை நழுவும். பின்னாலேயே பீதியும் வந்தது, கும்மிடிப்பூண்டி தாண்டி, கம்பெனி பஸ்ஸில். வண்டியை நிறுத்தச் சொல்லி, ரோட்டோரம் குந்தி, வாயைத் திறந்து காற்றை விழுங்கினேன். ஜன்னல் முழுக்க முகங்கள்.

"சுகர் எறங்கிட்சி! வழி வுடுங்கப்பா," என்று செல்வி ஓடிவந்து என் வாயில் ஒரு ஆரஞ்சு மிட்டாயைத் திணித்தாள். நான் சொல்லிவைத்த பொய் அது. புளிக்கப் புளிக்க மென்று விழுங்கினேன்.

தாஸ் மறுபடி அழைத்துப்போனார். "மாத்திரைய நிறுத்திட்டு என்கிட்டகூட சொல்லல மேடம் இது."

"நீங்க என்னைத் தெரியாத மாதிரிப் போனீங்க," என்றேன்.

டாக்டர் பேனாவைக் கீழே வைத்தார். "வெளியில நோயாளியைப் பார்த்தா நாங்களா போய்ப் பேசக் கூடாது, மேரி. இவங்களை எப்படித் தெரியும்னு கூட இருக்கறவங்க கேட்டா நீங்க மாட்டிப்பீங்க. இதை ஊர் ஊராப் போய் டாக்டர்களுக்குச் சொல்லியிருக்கேன். உங்ககிட்ட சொல்லல. என் தப்பு."

அவர் முகம் கறுத்துவிட்டது. பேனாவை எடுத்து மறுபடி மாத்திரை எழுதிக்கொடுத்தார். இப்போது புதிதாக வருகிறவர்களிடம் முதல் நாளே அதைச் சொல்லிவிடுகிறாராம்; நடைகூடத்தில் ஒரு பெண் சொன்னாள்.

மெதுவாகத்தான் தேறினேன். உடம்பு எனக்கு இப்போது பக்கத்து வீடு. சுவருக்கு அந்தப் பக்கம் நாற்காலி நகர்ந்தாலும் காதில் விழுகிறது. காலமும் பழைய மாதிரி இல்லை. பயம் வந்தால் ஒரு நிமிடம் ஒரு ஷிஃப்டின் நீளம். நல்ல மாதமோ ஒரு வாய் டீயாகத் தீர்ந்துபோகிறது. வெட்கத்துக்கு மட்டும் மாத்திரை இல்லை.

போன முறை கிளம்பும்போது டாக்டர் சொன்னார்: "அடுத்த மாசம் உங்க கம்பெனிக்கு மறுபடியும் கூப்பிட்டிருக்காங்க. இந்தத் தடவை முன்னாடியே உங்களைக் கேட்டுடறேன். பார்த்தா பேசட்டுமா?"

பேசுங்க என்ற சொல் தொண்டைவரை வந்தது. தாஸ் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் கதவைப் பிடித்துக்கொண்டேன்.

"வேணாம் டாக்டர். இன்னும் கொஞ்ச நாளைக்கு வேணாம்."