காவற்காரனை எழுப்பியது

செத்துப்போன ஒருவனை உயிரோடு எழுப்பிய ஆள் எங்கள் குடும்பத்தில் நான் ஒருத்திதான். அப்போது எனக்குப் பதினொரு வயது. அம்மா, அப்பா, பெரியம்மாவின் மகன் மூன்று பேரும் வெள்ளவத்தை வீட்டின் முன்னறையில் நின்று அதைத் தங்கள் கண்ணாலே பார்த்தார்கள். இன்றைக்கு அம்மாவைக் கேட்டாலும், ஓம், எழுப்பினவள்தான், ஆனால் அடுத்த கிழமை கணக்குச் சோதனையில் நாற்பத்திரண்டு எடுத்தவள் என்றும் சேர்த்துச் சொல்லுவா. அம்மாவுக்கு ஒருவரையும் முழுசாகப் புகழ வராது.

சமாதானப் பேச்சு முறிந்து மறுபடி சண்டை தொடங்கியிருந்த காலம் அது. பெரியம்மாவின் மகன், எனக்கு அண்ணா, யாழ்ப்பாணத்திலிருந்து வந்து எங்களோடு தங்கியிருந்தார். வயது இருபத்தொன்று. நோர்வேயில் இருந்த அவருடைய அக்கா அவரைப் படிக்கக் கூப்பிட்டிருந்தா. விசா இந்தா வருகுது, இந்தா வருகுது என்று மூன்று மாதம் ஓடிவிட்டது. அவர் வந்து இறங்கிய அன்றே அப்பா, வடக்கிலிருந்து வந்து தங்குகிறவர்களைப் பொலிசில் பதிகிற படிவத்தைக் கொண்டுவந்தார். பெயர், அடையாள அட்டை எண், எங்கேயிருந்து வந்தவர், ஏன் வந்தவர், எத்தனை நாள் நிற்பார். என் கையெழுத்து அழகு என்பதால் எங்கள் வீட்டில் அந்தப் படிவத்தை நிரப்புகிற உத்தியோகம் என்னுடையது. அண்ணாவின் அடையாள அட்டை எண் எனக்கு நித்திரையிலும் தெரியும்.

அண்ணா நல்ல சாதுவான மனிதர். மாடிப்படியில் எதிரே வருகிற தபால்காரருக்கும் வழிவிட்டுச் சுவரோடு ஒட்டி நிற்பார். காலையில் சமையலறைக்கு வந்து அம்மாவுக்குத் தேங்காய் திருவிக் கொடுப்பார். மிச்ச நேரம் முழுக்க எங்கள் கொம்பியூட்டரில் ஒரு கேம் விளையாடுவார். காலி வீதிக் கடையொன்றில் வாங்கிய சீடி அது. அதில் ஒரு பெரிய நாடு இருந்தது. நீங்கள் ஓர் ஆளாக அதற்குள் இறங்கி நடக்கலாம், மூலிகை பிடுங்கலாம், கண்டவர்களோடு கதைக்கலாம், வேண்டுமானால் வாளை உருவிச் சண்டையும் பிடிக்கலாம். நான் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் சப்பாத்துகூடக் கழற்றாமல் அவர் பக்கத்தில் ஒரு ஸ்டூலைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்துவிடுவேன். கொம்பியூட்டரைத் தொட எனக்கு அனுமதி இல்லை. நான் தொட்டால் பழுதாகும் என்பது அப்பாவின் உறுதியான நம்பிக்கை. அதனால் பார்ப்பதும், ரூல் போட்ட கொப்பியில் அந்த நாட்டின் வரைபடத்தைக் கீறுவதும் என் வேலையாக இருந்தது.

அந்த நாட்டின் நடுவில் ஒரு நகரம். உயர்ந்த மதில், மதிலுக்கு மேலே நீலக் கோபுரங்கள் தெரியும். அண்ணா எனக்கு ஒரு வாக்குத் தந்திருந்தார். உள்ளே போனதும் ஒரு வீடு வாங்குவோம், எந்த வீடு என்று நான்தான் சொல்ல வேண்டும். நாங்கள் இருந்த மூன்றாம் மாடி வீட்டில் எனக்கென்று ஓர் அலுமாரித் தட்டுத்தான் இருந்தது என்பதால் அந்த வீட்டைப் பற்றி நான் நிறைய யோசித்து வைத்திருந்தேன். ஆனால் நகரத்துக்கு ஒரே ஒரு வாசல். வாசலில் ஒரு காவற்காரன். யார் நீ, எங்கேயிருந்து வருகிறாய், ஏன் வந்தாய், எத்தனை நாள் நிற்பாய் என்று கேட்பான். ஒழுங்காகப் பதில் சொன்னால் ஒரு சீட்டுத் தந்து வாசலைத் திறப்பான். நான் நிரப்புகிற படிவத்தில் இருந்த அதே கேள்விகள். அதனாலேயே எனக்கு அவனை நல்லாய்ப் பிடித்துப்போயிற்று.

நாங்கள் அந்த வாசலுக்குப் போய்ச் சேர்ந்த கிழமையில்தான் அண்ணா இரவுச் சாப்பாட்டுக்குப் பாண் வாங்கப் போனார். சந்திக் கடைக்குத்தான் போனார். போனவர் அடுத்த நாள் மத்தியானம் அப்பாவோடு வந்தார். இடையில் அப்பா பொலிஸ் பதிவுத் துண்டையும் எடுத்துக்கொண்டு எங்கெங்கேயோ அலைந்தார், அம்மா சாமி அறையிலேயே இருந்தா, எனக்கு யாரும் ஒன்றும் சொல்லவில்லை. பாணும் வந்து சேர்ந்தது, நசுங்கிப்போய், பையோடு. முதல் நாள் இரவு பாண் இல்லாமல் புட்டுச் சாப்பிட வேண்டி வந்ததில் எனக்குக் கடும் கோபம். அண்ணா குளித்துவிட்டுப் படுத்தார். அதற்குப் பிறகு அவர் வெளியே போகவே இல்லை. கடைக்குப் போகிற வேலைகள் என் தலையில் விழுந்தன. அந்தக் கோபமும் எனக்கு இருந்தது.

அதற்கு அடுத்த நாள் பள்ளிக்கூடம் விட்டு வந்து பார்த்தால் காவற்காரன் வாசலில் செத்துக் கிடக்கிறான். என்ன அண்ணா இது என்று அலறிவிட்டேன். அண்ணா திரையைப் பார்த்தபடியே சொன்னார்.

“கை தவறிப் பட்டிட்டுது. இனி உள்ள போக ஏலாது, பிள்ளை.”

அவ்வளவுதான். மூன்று மாதம் நடந்து வந்த பயணம், நீலக் கோபுரம், என்னுடைய வீடு, எல்லாம் ஒரு கை தவறியதில் போயிற்று. நான் அழுதேன். அண்ணா என்னைச் சமாதானப்படுத்த மதிலுக்கு வெளியே எனக்காக மீன் பிடித்துக் காட்டினார். அதன் பிறகு மூன்று கிழமை நாங்கள் வெளியேதான் திரிந்தோம். அதற்குள் விசா வந்துவிட்டது. செவ்வாய்க்கிழமை பிளேன். செவ்வாய்க்கு முன் அவரை அந்த வாசலுக்குள் கூட்டிப்போகாவிட்டால் நான் மனிசியே இல்லை என்று எனக்குள் சபதம் எடுத்தேன்.

ஹெவ்லொக் டவுனில் இருந்து வருகிற என் சிநேகிதியின் வீட்டில் நல்ல இன்டர்நெட் இருந்தது. அவளிடம் புலம்பினேன். அடுத்த நாளே அவள் ஒரு தாளை நீட்டினாள். கேம் செய்தவர்கள் தங்கள் வசதிக்காக ஒளித்து வைத்த கட்டளைகளாம். விசைப்பலகையின் இடது மூலையில் உள்ள விசையை அழுத்தினால் கேம் அப்படியே உறைந்து ஒரு கறுப்புப் பட்டை இறங்கும். எவரையாவது கிளிக் பண்ணினால் அவருடைய எண் வரும். அந்த நாட்டில் கோழிக்குஞ்சு வரைக்கும் எல்லோருக்கும் ஓர் எண் இருந்தது. பிறகு கட்டளையை டைப் பண்ண வேண்டியதுதான். பூட்டுத் திறக்க ஒன்று, சுவருக்குள்ளால் நடக்க ஒன்று, கொல்ல ஒன்று, செத்தவரை எழுப்ப ஒன்று. எனக்குத் தலை சுற்றிப்போயிற்று. பள்ளிக்கூட வானில் ஏறியதிலிருந்து அதைப் பாடமாக்கினேன். பாடமாக்குவதில் எங்கள் வகுப்பில் என்னை மிஞ்ச ஆளில்லை, கணக்குத்தான் சரிவராது.

அன்றைக்குப் பார்த்து எங்கள் வானைப் பொலிசார் மறித்தார்கள். எல்லோரும் இறங்கிப் பைகளைத் திறந்து காட்டினோம். ஒரு பொலிஸ் அக்கா என் கையிலிருந்த தாளை வாங்கி மேலும் கீழும் பார்த்தா. ஆங்கிலத்தில் கொல், திற, சுவர் என்று சொற்கள், பக்கத்தில் நீளமான எண்கள். மே மொனவத நங்கி, இது என்ன தங்கச்சி என்று கேட்டா. நான் சிங்களத்தில் விளாசித் தள்ளினேன். இது கேம், காவற்காரன் செத்துப்போனான், கொல்லுகிற கட்டளை எனக்கு வேண்டாம், எழுப்புகிறதுதான் வேண்டும், செவ்வாய்க்கிழமைக்கு முன் எழுப்ப வேண்டும். அவ நான் சொல்லி முடிக்கும் வரைக்கும் கேட்டா. வான்காரர் வேர்த்து ஒழுக நின்றார். பிறகு அவ சிரித்துவிட்டுத் தாளை மடித்து என் சட்டைப் பையிலேயே வைத்துவிட்டா. வான் முழுக்க என்னையே பார்த்தது. என் வாழ்நாளில் அப்படி ஒரு பெருமை அதற்கு முன் எனக்கு வந்ததில்லை.

வீட்டில் அப்பாவுக்கு அந்தத் தாளைக் காட்டியதுதான் பிழை. அவர் முகம் மாறியது. இதைத் தெருவில் யாராவது கண்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று கேட்டார்.

“பொலிஸ் அக்கா கண்டவா அப்பா. விளங்கப்படுத்தினனான், திருப்பித் தந்திட்டா.”

அப்பா கதிரையில் உட்கார்ந்தார். பிறகு எழுந்து தாளைச் சின்னச் சின்னதாகக் கிழித்து மலசலகூடத்தில் போட்டு இரண்டு வாளி தண்ணீர் ஊற்றினார். கொம்பியூட்டர் பக்கமே தலை வைக்கக்கூடாது என்றும் சொன்னார். ஒரு கேமுக்கு இவ்வளவு பயப்படுகிறாரே, இந்த மனிதர் எப்படிக் கந்தோரில் வேலை பார்க்கிறார் என்று எனக்கு அவர்மேல் இரக்கம்தான் வந்தது. தாள் போனால் போகட்டும். அது என் தலைக்குள் ஏறி இரண்டு மணித்தியாலம் ஆகியிருந்தது.

சனிக்கிழமை காலை அப்பா மீன் வாங்கப் போனார். அண்ணா குளியலறையில் உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்தார். நான் போய் உட்கார்ந்து அந்த விசையை அழுத்தினேன். கறுப்புப் பட்டை இறங்கியது. முதலில் சுவருக்குள்ளால் நடக்கிற கட்டளை. விறுவிறென்று மதிலுக்குள்ளால் போய்விட்டேன். போனால் அந்தப் பக்கம் நகரமே இல்லை. சாம்பல் நிறத்தில் ஒரு வெறுமை, கோபுரங்கள் முன்பக்கம் மட்டும் கீறிய அட்டை மாதிரி நின்றன. காவற்காரன் வாசலைத் திறந்து விட்டால்தான் நகரம் உண்டாகும் போல. ஆகவே அவனை எழுப்பியே ஆக வேண்டும். திரும்பி வந்து கிளிக் பண்ணி, கட்டளையை டைப் பண்ணி, கடவுளே என்று அடித்தேன். பக்கத்தில் செத்துக் கிடந்த கோழி எழுந்து கொக்கரித்துக்கொண்டு ஓடியது. எண் மாறிவிட்டது. இருந்தாலும் என்ன, கோழி எழும்பினால் மனிசனும் எழும்புவான்தானே.

அதற்குமேல் தனியே செய்ய எனக்கு மனம் வரவில்லை. இப்படி ஒன்றை யாரும் பார்க்காமல் செய்து என்ன பயன்? எல்லோரையும் கூப்பிட்டேன். அண்ணா கையில் சவர்க்கார நுரையோடு வந்தார். அம்மா அகப்பையோடு வந்தா. அப்பா மீன் பையோடு வாசலில் நின்று ஏசத் தொடங்கினார். நான் காவற்காரனைச் சரியாகக் கிளிக் பண்ணினேன், எண் வந்தது, எழுத்து எழுத்தாக டைப் பண்ணினேன். பட்டையை மூடினேன்.

காவற்காரனின் கால் ஒருமுறை உதறியது. கையை ஊன்றினான். எழுந்தான். தொப்பியைச் சரிசெய்தான். நேரே எங்களைப் பார்த்து வந்து, யார் நீ, எங்கேயிருந்து வருகிறாய் என்று கேட்டான்.

நான் ஸ்டூலில் ஏறிக் குதித்தேன். அம்மா என் கன்னத்தைக் கிள்ளினா. அப்பாவே ஏச்சை நிறுத்திவிட்டு, உண்மையாகவே எழும்பிட்டான் பாரன் என்றார்.  அண்ணா மட்டும் நுரை சொட்டச் சொட்ட அப்படியே நின்றார். அவருக்குச் சந்தோஷத்தில் கை கால் ஓடவில்லை என்று நினைத்து நான் அவரை இழுத்துக் கதிரையில் இருத்தினேன். பதில்கள் மூன்று வரும், பணிவாக ஒன்று, காசு கொடுக்க ஒன்று, வாளை உருவ ஒன்று.  அண்ணாவின் கை மவுசில் இருந்தது, ஆனால் அசையவில்லை. பணிவானதை அமத்துங்கோ அண்ணா, மறுபடி கை தவறப் போகுது என்று நான்தான் அவசரப்படுத்தினேன். அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். பிறகு பணிவானதையே அமத்தினார். நாலு கேள்விக்கும் நாலு தரம்.

வாசல் திறந்தது. இரண்டு பக்கக் கதவும் விரிய, உள்ளே வெயிலும் பாலங்களும் கடைத்தெருவும் நீலக் கோபுரங்களும் முழுசாக இருந்தன. அன்றைக்கு மத்தியானம் மீன் குழம்பு பிந்தியது, ஒருவரும் முறைப்பாடு சொல்லவில்லை. நான் ஆற்றோரம் சிவப்புக் கூரை வீடு ஒன்றைக் காட்டினேன். அண்ணா அதை வாங்கி, கதவைத் திறந்து, நீதான் முதல் போக வேணும் என்று கீபோர்டை என் பக்கம் தள்ளினார். அப்பா பார்த்துக்கொண்டிருந்தார், தொடாதே என்று சொல்லவில்லை. நான் நடந்து போனேன். என் வாழ்க்கையில் எனக்கென்று கிடைத்த முதல் அறை அதுதான்.

செவ்வாய்க்கிழமை அண்ணா போனார். வாசலில் என் தலையைத் தடவி, “நீ கெட்டிக்காரி. ஆனா அவனை எழுப்பாமலே விட்டிருக்கலாம்,” என்று சொல்லிச் சிரித்தார். நானும் சிரித்தேன். பகிடி விடுகிறார் என்று நினைத்தேன்.

அதன் பிறகு கொம்பியூட்டர் எனக்குத்தான். கேமைத் திறந்து, அண்ணா சேமித்து வைத்த இடங்களின் பட்டியலைப் பார்த்தேன். அதுவரைக்கும் கடைசியாக விட்ட இடத்திலிருந்து தொடங்குவதுதான் எனக்குத் தெரியும். ஒவ்வொன்றின் பக்கத்திலும் திகதியும் நேரமும் இருந்தன. ஒன்றில் காவற்காரன் உயிரோடு நின்று கேள்வி கேட்கிறான். அதற்குப் பிறகு பதினொன்று. திறந்து பார்த்தேன், பதினொன்றிலும் அவன் செத்துக் கிடந்தான், ஒன்றில் வாசற்படியில், ஒன்றில் மரத்தடியில், ஒன்றில் அகழிக்குள். முதலாவது, பாண் வாங்கப் போய் வந்ததற்கு அடுத்த நாள் காலை. மற்றவையும் நான் பள்ளிக்கூடத்தில் இருக்கிற நேரங்கள்.

எனக்கு எல்லாம் பளிச்சென்று விளங்கிவிட்டது. அன்றைக்கே ஆங்கிலத்தில் ஒரு மின்னஞ்சல் அனுப்பினேன். அண்ணா, காவற்காரன் செத்தால் பழைய இடத்தைத் திறந்தாலே போதும், அவன் உயிரோடு நிற்பான், கட்டளையே தேவையில்லை, நீங்கள் ஒவ்வொரு தரமும் பழைய இடத்துக்குப் போய் மறுபடி கை தவறியிருக்கிறீர்கள், அங்கே புதுக் கேம் விளையாடும்போது கவனம். நாலு நாள் கழித்துப் பதில் வந்தது. நீ சொல்வது சரி, அது எனக்குத் தெரியாமல் போய்விட்டது, இனிக் கவனமாக இருக்கிறேன் என்று எழுதியிருந்தார்.

அந்தப் பதிலை நான் கொப்பியில் எழுதி வைத்து, வீட்டுக்கு வந்தவர்களுக்கெல்லாம் வாசித்துக் காட்டினேன். அண்ணாவுக்கே நான் சொல்லிக் கொடுத்திருக்கிறேன் என்று எனக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை. கூடவே ஒரு கவலையும் இருந்தது. பதினொரு தரம் கை தவறுகிற ஒரு மனிதர் அந்தக் குளிர் நாட்டில் தனியே எப்படித்தான் சமாளிக்கப் போகிறாரோ என்று அம்மாவிடம் கேட்டேன். அம்மா தேங்காய் திருவுவதை நிறுத்திவிட்டு, போய்க் கணக்கைச் செய் என்றா.