மணிக்காரரின் கண் சிமிட்டல்

கோலார் தங்கவயலில் நான் டைம் ஆபீஸ் குமாஸ்தாவாகச் சேர்ந்த புதிதில், என்னையும் ஒரு ஆளாக மதித்தவர் சுரங்க வாயிலில், ஆட்களைக் கீழே இறக்கி ஏற்றும் கேஜுக்கு மணி அடிப்பவர் ஒருவர்தான் என்று நம்பியிருந்தேன். ஒல்லியான உடம்பு, பெரிய முண்டாசு, மணிக்கயிற்றை விடாத கை. சுரங்கத்தின் வெள்ளைக்காரத் துரை எங்களைத் திட்டிவிட்டுக் கேஜில் இறங்கும்போதெல்லாம் அவர் என்னைப் பார்த்து இடது கண்ணைச் சிமிட்டுவார். துரையைக் கேலி செய்ய என்னையும் கூட்டுச் சேர்க்கிறார் என்று பூரித்துப்போய், நானும் பதிலுக்குக் கண்ணடிப்பேன்.

ஒருநாள் ஷிப்ட் முடிந்ததும் அருகில் வந்தார்.

"இன்னா அய்யா, நீங்களும் கண்ணைச் சிமிட்டிக்கினே இருக்கீங்க, உங்களுக்கும் இமைமுடி உள்ள வளந்து குத்துதா? எனக்குச் சின்ன வயசுலேர்ந்து கண்ணோவு வந்து வந்து இமையே உள்பக்கமா மடங்கிப்போச்சு. அப்படியே வுட்டா பார்வை பூடும்னு கம்பவுண்டர் சொல்றாரு. வாங்க, ரெண்டு பேருமா போலாம்."

நான் கண்ணடித்த காரணத்தைச் சொல்ல வெட்கமாக இருந்தது, போனேன். கம்பவுண்டருக்கு மணிக்காரர் சொன்னதே போதுமாக இருந்தது. என் நல்ல கண்ணிலிருந்து சாமணத்தால் நாலைந்து முடிகளைப் பிடுங்கினார். உயிர் போய் வந்தது. மணிக்காரர் என் தலையை மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, துண்டால் கண்ணீரைத் துடைத்துவிட்டார். தங்கவயலுக்கு வந்தபின் என்னை அன்பாக ஒருவர் தொட்டது அதுதான் முதல் தடவை.

அடுத்த மாதம் என் வீட்டு வாசலில் வந்து நின்றார்.

"புடுங்கினது திரும்ப முளைக்கும் அய்யா. வாங்க போலாம்."

எனக்கு எல்லா முடியும் ஒழுங்காகத்தான் முளைத்திருந்தது. சட்டையை மாட்டிக்கொண்டு அவர் பின்னால் நடந்தேன்.