அப்பா இறந்துவிட்டார் என்று நான் எழுதிய மனு

எங்கள் வீடு தென்காசியிலிருந்து குற்றாலம் போகிற சாலையில், பாதி வழியில் இருந்தது. அம்மாவுக்குச் சீதனமாக வந்த ஓட்டு வீடு. அதில் நானும் அம்மாவும் மட்டும். எனக்கு நாலு வயதாக இருக்கும்போதே அப்பா காய்ச்சலில் இறந்துபோனார் என்று அம்மா சொல்லியிருந்தாள். அவள் வெள்ளைச் சேலைதான் உடுத்துவாள். சாரல் காலத்தில் குற்றாலத்தில் வந்து தங்கும் குடும்பங்களுக்குச் சமைத்துப் போட்டு என்னை ஆசிரியப் பயிற்சி வரைக்கும் படிக்க வைத்தாள். இரண்டாம் உலக யுத்தம் முடிந்த வருஷம் எனக்கு இருபத்துநாலு வயது. தென்காசியில் ஒரு பெண்கள் பள்ளியில் மூன்றாம் வகுப்பு டீச்சராக இருந்தேன்.

அந்த வருஷம் சாரல் தொடங்கியதிலிருந்தே வீட்டில் ஏதோ சரியில்லை. முதலில் கிணற்றுக் கயிறு. எங்கள் கிணற்றுக்கு மேலே ஓட்டுச் சாய்ப்பு உண்டு, மழை கயிற்றைத் தொடாது. காலையில் முதல் குடம் இறைப்பது நான்தான். ஆனால் நான் போகும்போதெல்லாம் கயிறு நனைந்து கனத்துக் கிடந்தது. ஒருநாள் கிணற்றடிக் கல்லில் ஈரக் கால்தடங்கள் பார்த்தேன். அகலமான ஆம்பிளைக் கால். பின்வாசல் மாட்டுக்கொட்டிலிலிருந்து கிணற்றுக்கு வந்து, திரும்பவும் கொட்டிலுக்கே போயிருந்தது. ஒவ்வொரு அடியும் குட்டையாக, ஒரே அளவில், அளந்து வைத்தது மாதிரி. நான் பார்த்துக்கொண்டிருக்கும்போதே தூறல் அதை அழித்துவிட்டது.

மாட்டை விற்று வெகுகாலமாகியிருந்தது. கொட்டிலில் விறகு மட்டும்தான். அந்த வருஷம் அம்மா அதற்கு ஒரு பூட்டு வாங்கி வெளியிலிருந்து பூட்டத் தொடங்கியிருந்தாள்.

“விறகுக்கு எதுக்கும்மா பூட்டு?”

“கள்ளப்பய ஊரு. எவனாச்சும் தூக்கிட்டுப் போயிருவான்.”

பக்கத்து வீட்டு அக்கா வேலிக்கு அந்தப் பக்கம் நின்று அம்மாவிடம் ஒருநாள் சொன்னாள். “மதினி, உங்க கொட்டிலுக்குள்ள யாரோ இருமுதாவ. எங்க வீட்டுப் பிள்ளை அந்தப் பக்கமே போக மாட்டேங்குது.”

“எலி உருட்டும். உனக்கு இருமலாக் கேக்குது,” என்று அம்மா சிரிக்காமல் சொல்லிவிட்டு உள்ளே வந்துவிட்டாள்.

ஆடி அமாவாசைக்கு ஊரே அருவிக்கரையில் இறந்தவர்களுக்கு எள்ளும் தண்ணீரும் விட்டது. அம்மா எந்த வருஷமும் போனதில்லை. கேட்டால் மனசு வரல என்பாள். எனக்கு அந்த வருஷம் முதல்முறையாகப் பயம் வந்தது. தண்ணி விடாமல் விட்டதால்தான் அப்பா வந்து கிணற்றில் தானே இறைத்துக் குடிக்கிறாரோ என்று. பயிற்சிப் பள்ளியில் படித்த பெண் நினைக்கக்கூடிய நினைப்பு இல்லைதான். ஆனாலும் நினைத்தேன்.

ஆவணி மாதம் என் மூன்றாம் வகுப்பு வாசகப் புத்தகம் காணாமல் போனது. பள்ளிக்கூடத்தில் விட்டிருப்பேன் என்று வேறொன்று வாங்கிக்கொண்டேன். அதற்குச் சில நாள் கழித்து, ஒரு சாயங்காலம், காய்ந்த துணியை எடுக்கப் பின்வாசலுக்குப் போனேன். மலை முழுக்க மேகம் இறங்கி, குற்றாலம் இருக்கிற திசையே தெரியவில்லை. கொட்டிலுக்குள் ஒரு குரல் கேட்டது. வயசான ஆம்பிளைக் குரல். எழுத்துக் கூட்டிப் படித்துக்கொண்டிருந்தது.

“கு... ரு... வி... குருவி. கூ... டு... கட்... டி... ய... து.”

அன்று காலையில் நான் வகுப்பில் நடத்திய பாடம் அது. கதவைப் பார்த்தேன். வெளியே பூட்டு தொங்கியது. நான் மூச்சுவிட்டது கேட்டதோ என்னவோ, குரல் அப்படியே நின்றுபோனது. துணியைப் போட்டுவிட்டு ஓடிவந்து அம்மாவிடம் சொன்னேன். அம்மா அடுப்பைப் பார்த்தபடியே இருந்தாள்.

“காத்து ஓட்டுக்குள்ள பூந்தா அப்படித்தான் கேக்கும். இனிமே அந்திக்கு அங்கன போகாத.”

ஐப்பசியில் வாக்காளர் பட்டியலின் நகலைத் தாலுகா கச்சேரிச் சுவரில் ஒட்டினார்கள். சட்டசபைத் தேர்தல் வரப்போகிறது என்று பேச்சு. அப்போதெல்லாம் எல்லோருக்கும் ஓட்டு கிடையாது. நிலத் தீர்வை கட்ட வேண்டும், இல்லாவிட்டால் எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும். எழுதப் படிக்கத் தெரியும் என்று மனுப்போட்டு நான் என் பேரைக் கொடுத்திருந்தேன். முதல் ஓட்டு. பள்ளி விட்டதும் குடையோடு போய்ச் சுவரில் தேடினேன்.

எங்கள் கதவிலக்கம் இருந்தது. அதன் கீழே என் பேர். என் பேருக்கு மேலே அப்பாவின் பேர்.

அப்பாவின் பேர், அவருடைய தகப்பனார் பேர், வயது ஐம்பத்திரண்டு. வயதின் மேல் விரலை வைத்து மறுபடியும் படித்தேன். இறக்கும்போது அவருக்கு முப்பதைத் தொட்டிருக்கும். உயிரோடு இருந்தால் இப்போது என்ன வயதோ அது அச்சாகியிருந்தது. அவர் செத்த பிறகும் யாரோ வருஷத்தைக் கூட்டிக்கொண்டே வந்திருந்தார்கள்.

வீட்டுக்கு வந்து சொன்னேன். அம்மா கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்தாள்.

“எவனோ அப்பா பேரைச் சொல்லிக் கள்ள ஓட்டுப் போடப் பாக்கான்மா. நான் எழுதிக் கொடுக்கப் போறேன்.”

“விட்டுருட்டி. பேருதானே. கெடந்துட்டுப் போகட்டும்.”

“செத்தவங்க பேருல எவனோ ஓட்டுப் போடுறதா?”

“சொன்னாக் கேளு. எழுதாத.”

ஏன் என்று அவள் சொல்லவில்லை. எனக்கோ என் படிப்பின் மேல் அவ்வளவு பெருமை. மறுநாளே அழகான கையெழுத்தில் ஆட்சேப மனு எழுதிக் கொடுத்தேன். மேற்படி கதவிலக்கத்தில் காணும் நபர் என் தகப்பனார், அவர் இருபது வருஷங்களுக்கு முன்பே இறந்துவிட்டார், ஆகவே அந்தப் பேரை நீக்க வேண்டும் என்று.

விசாரணை நாளன்று நல்ல மழை. கச்சேரிக்குள் பகலிலேயே இருட்டு. மேஜைக்குப் பின்னால் ஓர் அதிகாரியும் பக்கத்தில் குமாஸ்தாவும். என் முறை வந்தது. குமாஸ்தா எழுந்து வாசலைப் பார்த்து அப்பாவின் பேரைச் சத்தமாகக் கூப்பிட்டார். அந்தப் பேரை யாரும் வாய்விட்டுச் சொல்லி அதுவரை நான் கேட்டதில்லை. இரண்டாம் தடவை கூப்பிட்டார். மழைச் சத்தம்தான். மூன்றாம் தடவை கூப்பிட்டபோது தாழ்வாரத்துத் தூண் மறைவிலிருந்து ஒரு ஆள் வந்து வாசல்படியில் நின்றார்.

ஒட்ட வெட்டிய நரை முடி. நனைந்த வேட்டி. படியைத் தாண்டாமல், கால்விரலைப் படியோரத்தில் சேர்த்து வைத்துக்கொண்டு, கையைத் தொங்கவிட்டு நின்றார்.

“உள்ள வாரும்,” என்றார் அதிகாரி.

சொன்ன பிறகுதான் வந்தார். குட்டை குட்டையாக, ஒரே அளவில் அடி வைத்து வந்தார். முகத்தை நான் பார்க்கவே இல்லை. அந்த நடையைத்தான் பார்த்தேன். கிணற்றடிக் கல்லில் பார்த்தது.

“இந்தம்மா நீர் செத்துப்போனதா எழுதிக் கொடுத்திருக்காங்க. என்ன சொல்லுதீர்?”

“செத்துப்போகல ஐயா. ஜெயில்ல இருந்தேன்.”

குமாஸ்தா பழைய பட்டியல் ஒன்றைப் புரட்டி அதிகாரியிடம் காட்டினார். ஆய்க்குடிப் பக்கத்து ஊர். தீர்வை கட்டியவர்கள் வரிசையில் அப்பாவின் பேர் இருந்தது. மேலே சிவப்பு மையில் ஒரு கோடு. ஓரத்தில், கொலைக்குற்றம், ஆயுள் தண்டனை என்று எழுதியிருந்தது. நான் நின்ற இடத்திலிருந்தே படித்தேன்.

“என்ன நடந்தது?” என்றார் அதிகாரி.

“வயலுக்குத் தண்ணி திருப்புறதுல சண்ட. மம்பட்டியால அடிச்சேன். அந்த ஆளு செத்துட்டான்.” குரல் ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. “நான் அடிச்ச ஆளுக்கு இனிமே ஓட்டு இல்ல. அது எனக்குத் தெரியும் ஐயா. ஆனாலும் கேக்கேன்.”

பின்னால் பெஞ்சில் இருந்த ஒருவர், “கொலைகாரனுக்கு ஓட்டாம்லே,” என்று பக்கத்தாளிடம் சொன்னது எல்லோருக்கும் கேட்டது. அதிகாரி விதிப் புத்தகத்தைப் பார்த்தார். சிறையில் இருக்கும்வரைதான் தடை, தண்டனை முடிந்து வெளியே வந்தவரைச் சேர்க்கத் தடையில்லை, ஆனால் நிலம் இல்லாததால் எழுதப் படிக்கத் தெரியும் என்று காட்ட வேண்டும் என்றார். பிறகு அப்பாவின் விடுதலைச் சீட்டை வாங்கிப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

“ராத்தங்கல் எங்க?”

“பகல்ல செங்கோட்டையில மரக்கடை வேலை. படுக்கை இங்கனதான். வீட்டுக் கொட்டில்ல.”

“எவ்வளவு நாளா?”

“சாரலுக்கு முன்னால இருந்து. எம்பொஞ்சாதி சாயங்காலம் பூட்டுவா, விடியத் தொறப்பா. நான்தான் பூட்டச் சொன்னேன். பூட்டாத எடத்துல எனக்கு ஒறக்கம் வரல.”

அதிகாரி விடுதலைச் சீட்டைத் திருப்பிக் கொடுத்தார். படிக்கச் சொல்லக் காகிதம் தேடினார். மேஜைமேல் கைக்கு எட்டியது என் மனு. அதை எடுத்து நீட்டினார். அவர் யோசித்துச் செய்ததாக எனக்குத் தோன்றவில்லை.

அப்பா அதை இரண்டு கையாலும் வாங்கினார். வெளிச்சத்துக்குத் திருப்பினார்.

“என்... த... கப்... ப... னார்...”

கொட்டிலுக்குள் கேட்ட அதே குரல்.

“இ... றந்... து... விட்... டார்.”

அங்கே நிறுத்தினார். மறுபடியும் முதலிலிருந்து, இந்தத் தடவை கூட்டாமல், ஒரே மூச்சில் படித்தார். படித்துவிட்டு, “கையெழுத்து நல்லா இருக்கு,” என்றார். யாரைப் பார்த்துச் சொன்னார் என்று தெரியவில்லை.

அதிகாரி என்னிடம் திரும்பினார். “டீச்சரம்மா, இவர் உங்க அப்பாவா?”

“எனக்குத் தெரியாது ஐயா,” என்றேன். அது உண்மைதான். ஆனால், “மனுவைத் திரும்ப வாங்கிக்கிடுதேன்,” என்றும் சொன்னேன். அவர் மனுவைத் தள்ளுபடி செய்து, பேர் நிலைக்கும் என்று எழுதினார்.

வீட்டுக்கு ஓட்டமும் நடையுமாக வந்தேன். அம்மா எல்லாம் தெரிந்தவள்போல் வாசலிலேயே இருந்தாள்.

“நான் அவ்வளவு சொல்லியும் எழுதிட்டியே.”

“நீ ஏம்மா சொல்லல?”

“கொலைகாரன் மகள்னா உனக்கு எவன் பள்ளிக்கூடத்துல எடம் குடுப்பான்? தாலியறுத்தவ மகள்னா பாவம்னு குடுப்பான். அதுக்காக அவரு இருக்கும்போதே நான் வெள்ளை உடுத்தேன். வந்து நின்னப்ப, உனக்குக் கல்யாணம் ஆகுத வரைக்கும் செத்தவராவே இரும்னு சொன்னேன். சரின்னுதான் சொன்னாரு. எல்லாத்துக்கும் சரின்னாரு. இந்தப் பேரு விசயத்துல மட்டும் கேக்கல.”

ஆலங்குளத்திலிருந்து எனக்கு வந்திருந்த வரன் அடுத்த வாரமே நின்றுபோனது. பள்ளிக்கூடத்தில் இரண்டு பேர் பிள்ளைகளை என் வகுப்பிலிருந்து மாற்றிக் கேட்டார்கள். வேலை போகவில்லை. அப்பா கொட்டிலிலேயே இருந்தார். நான் உள்ளே போனால் எழுந்து சுவரோரம் நிற்பார். கதவு திறந்திருந்தாலும் நான் “போங்க” என்று சொல்லும்வரை வெளியே வரமாட்டார். ஒருநாள் துணிந்து கேட்டேன், பேர் எதற்கு என்று.

“இருபது வருசம் என்னை நம்பர் சொல்லித்தான் கூப்புட்டாங்க. இங்க வந்தா அதுவும் இல்ல. மரக்கடையில ரெண்டு பேரு பேசிக்கிட்டாங்க, பேரு எழுதுதாங்கன்னு. எழுத்து அங்க ஒருத்தர் கொஞ்சம் சொல்லித் தந்தது. மறந்திரக் கூடாதுன்னு உன் புத்தகத்தை எடுத்தேன்.”

ஓட்டுப் போடும் நாளில் மூன்று பேரும் சேர்ந்து போகவில்லை. அம்மாவுக்கு ஓட்டு இல்லை. நான் பெண்கள் வரிசையில் நின்றேன், அவர் ஆண்கள் வரிசையில். அவருக்கு முன்னால் நின்றவர் ஒரு முழம் தள்ளிப் போய்விட்டார். பின்னால் நின்றவரும் விலகிக்கொண்டார். அவர் நகர நகர அந்த வெற்றிடமும் கூடவே நகர்ந்தது. உள்ளே பேரைக் கேட்டார்கள். சொன்னார். சீட்டைக் கொடுத்தார்கள். பெட்டிகள் வைத்திருந்த மறைப்புக்குள் போனார்.

அவர் திரும்பி வரவில்லை. எனக்குப் பின்னால் இருந்தவர்கள்கூடப் போட்டுவிட்டு வந்தார்கள். மறைப்புத் துணிக்கு அடியில் அவர் பாதங்கள் இரண்டும் சேர்ந்தபடி அசையாமல் தெரிந்தன. “அண்ணாச்சி, முடிஞ்சுதா?” என்று ஊழியர் இரண்டு தடவை கேட்டார். துணியை விலக்கலாமா கூடாதா என்று அவருக்குத் தெரியவில்லை. கடைசியில் பெட்டிக்குள் காகிதம் விழும் சத்தம் கேட்டது.

வெளியே புளியமரத்தடியில் அவருக்காக நின்றேன்.

“என்ன இவ்வளவு நேரம், அப்பா?”

அப்படிக் கூப்பிட்டேன் என்பது கூப்பிட்ட பிறகுதான் எனக்கே உறைத்தது. அவர் அதைக் கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

“உள்ள யாரும் பாக்கலட்டி,” என்றார். “அங்க வார்டர் பாப்பான். இங்க வந்த பெறகு பலகை இடுக்குல பக்கத்து வீட்டுக்காரங்க பாப்பாங்க. அந்தத் துணிக்குள்ள ஒருத்தரும் பாக்கல. கொஞ்ச நேரம் நின்னுக்கிட்டேன்.”

சாலையில் அவர் எனக்கு ஓரடி பின்னாலேயே வந்தார். எங்களைப் பார்த்ததும் ஒரு வீட்டில் கதவைச் சாத்தினார்கள்.

அடுத்த வாரம் அம்மா தச்சரைக் கூப்பிட்டுக் கொட்டிலில் ஒரு கட்டில் போடச் சொன்னாள். வீட்டுக்குள் வரச் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. மூன்று வருஷம் அந்தக் கட்டிலில் படுத்தார். சாயங்காலமானால் அம்மா போய்ப் பூட்டிவிட்டு வருவாள். அவளுக்கு முடியாத நாளில் நான் பூட்டுவேன். உள்ளே இருந்து, “பூட்டியாச்சா?” என்று கேட்பார். “ஆச்சு” என்று சொன்ன பிறகுதான் கட்டில் கிறீச்சிடும்.