தாமாகவே கலையாதவர்கள்

வெள்ளிக்கிழமை காலை பத்து மணி. ராஸ் அல் கைமாவுக்கு வடக்கே இருந்த கல்குவாரி கேம்பை விட்டு இரண்டு கிலோமீட்டர் நடந்துவிட்டேன். வலதுபுறம் கடல், இடதுபுறம் பாதி உடைத்த மலை. பாஸ்போர்ட் கம்பெனியிடம் இருந்தது. 1987இல் அது இல்லாமல் அந்தச் சாலையில் பிடிபட்டால் நேரே கொழும்புக்கு விமானம். கொழும்பில் என்னை ஏற்றிக்கொள்ள ராணுவ வண்டி வந்து நிற்கும் என்பது எனக்குத் தெரியும்.

கேம்பில் எங்கள் அறையில் ஆறு பேர், எல்லாரும் யாழ்ப்பாணம். மூத்தவர் தவராசா, பெரிய இயக்கத்தின் ஆள். இயக்கத்தின் வரலாற்றை லண்டனில் அச்சடிக்க வேண்டுமென்று ஒரு கொப்பியில் கிறுக்கி வைத்திருந்தார். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன். ஆனால் கையெழுத்து நல்லது. அன்று காலை என்னைப் படி எடுக்கச் சொன்னார். எட்டுப் பக்கம் எழுதினேன். ராணுவம் செய்தது, அவர்கள் சண்டை பிடித்தது, எல்லாம் நடந்தவைதான். ஒன்பதாம் பக்கத்தில் ஒரு வரி: 'ஏனைய சிறு இயக்கங்கள் தாமாகவே கலைந்தன.' பேனையை வைத்துவிட்டேன்.

“ஏன் ராசா, கை உளையுதோ?”

“இல்லை அண்ணை. ‘தாமாகவே’ பிழை.”

“ஒரு சொல்லுத்தானேடா.”

“அப்ப வெட்டுங்கோ.”

“எழுதிப்போட்டு இரு. இல்லாட்டி வெளிக்கிடு.”

வெளிக்கிட்டேன்.

நான் இருந்தது சிறிய இயக்கம். 83 கடைசியில் படகேறி, ராமநாதபுரம் பக்கம் ஒரு சவுக்குத் தோப்பில் ஆறு மாதம் பயிற்சி எடுத்தோம். துவக்கு போதாமல் பாதி நாள் தடியைத் தூக்கிக்கொண்டு ஓடினோம். ஊருக்குத் திரும்பியபோது எங்கள் முகாமில் முப்பத்திநாலு பேர். ராணுவ வண்டிகளை இரண்டு முறை அடித்தோம். சனங்களின் கோழியைக் கேட்காமல் தூக்கியதும் நாங்கள்தான். வரலாறு என்றால் அதையும் எழுத வேண்டும். 86இல் ஒரு பின்னேரம் பெரிய இயக்கம் எங்களைச் சுற்றி வளைத்தது. முதல் நாள்வரை அவர்களும் நாங்களும் ஒரே காவலரணில் நின்று தேநீர் குடித்தவர்கள். பதினொரு பேர் செத்தார்கள். மிஞ்சியவர்களை ஒலிபெருக்கியில் வீட்டுக்குப் போகச் சொன்னார்கள்.

பத்தேமுக்காலுக்கு ஒரு பட்டாணியரின் பிக்கப் நின்றது. “கஹாங் ஜாயேகா, பாய்?” என்றார். “துபாய்” என்றேன். “பைதல்?” நடந்தேவா என்று கேட்டுச் சிரித்துக் கதவைத் திறந்தார். ராஸ் அல் கைமா நகரத்தில் இறக்கிவிட்டார், காசு வாங்கவில்லை. அங்கிருந்து பங்கு டாக்சியில் பர் துபாய், ஏறக்குறைய நூறு கிலோமீட்டர், பதினைந்து திர்ஹம்.

மூன்று மணிக்கு மீனா பஜாரின் பின்சந்தில் ஒரு டீக்கடை. பக்கத்தில் இருந்தவர் முத்தையா, சிவகங்கைக்காரர், கட்டட சைட்டில் போர்மேன்.

“சிலோனுங்களா தம்பி? ஏன் ஊர விட்டு வந்தீக?”

“நான் இயக்கத்தில இருந்தனான். எங்களைக் கலைச்சுப்போட்டாங்கள்.”

“கலைச்சுட்டாகளா? அப்ப எலெக்சன் வரணுமே?”

அவர் ஊரில் ஆட்சியைத்தான் கலைப்பார்கள். எங்கள் ஊரில் கலைப்பது என்றால் துரத்துவது. மாட்டைக் கலைப்போம், நாயைக் கலைப்போம்.

“சுட்டுக் கலைச்சவங்கள், அண்ணை.”

கிளாஸைக் கீழே வைத்தார்.

“சைட்டுல ஆள் வேணும். ஆனா ஒங்க ஊர்ப் பய ஒருத்தன் அங்க கெடக்கான். அந்தப் பெரிய இயக்கந்தான், எந்நேரமும் அதே பேச்சு. கேட்டா, நமக்கு ஒண்ணுந் தெரியாதுன்னு சொல்லிருங்க.”

“கேட்டால் சொல்லுவன்.”

“வெளங்குனாப்லதான்” என்றார். ஆனாலும் வரச் சொன்னார்.

சனிக்கிழமை காலை ஆறு மணி. கலவை மெஷினுக்கு மணல் அள்ளிப் போடும் வேலை, நாளுக்கு இருபத்தைந்து திர்ஹம். எதிரே மணல் அள்ளும் சவளோடு நின்றவன் என் பேச்சைக் கேட்டதும் நிமிர்ந்தான்.

“அண்ணை, எந்த இயக்கம்?”

பெயரைச் சொன்னேன்.

“அது கலைஞ்சு போச்செல்லோ?”

“கலையேல்லை. இஞ்ச ஒராள் நிக்கிறன்.”

அவன் சவளை நிலத்தில் ஊன்றிக்கொண்டு என்னையே பார்த்தான். கட்டடச் சாரத்தின் மேலிருந்து முத்தையா “யல்லா, யல்லா” என்று கத்தினார். முதல் சவள் மணலை நான் போட்டேன்.