சம்பந்தி வீட்டு குடோன்

எங்க வீட்டுக்காரர் அனந்தநாதன் கவர்மெண்ட் ஆஸ்பத்திரியில பல் டாக்டர். கூடப் படிச்சவங்க எல்லாம் க்ளினிக் வெச்சு, கார் வாங்கி, மாடி மேல மாடி கட்டிட்டாங்க. இந்த மனுஷன் மட்டும் ஊரார் வாயை எட்டிப் பாத்துக்கிட்டே காலத்தை ஓட்டிட்டாரு. செங்கம் ரோட்ல எளநி குடிக்க நிறுத்தினா, குடிக்கறதுக்கு முன்னாடி எளநிக்காரரைப் பாத்து, "வாயைத் தொறங்க பாக்கலாம்"பாரு. மூணு விரலை ஒண்ணா சேத்து வாய்க்குள்ள விடச் சொல்வாரு. நல்ல வாய்னா மூணு விரலும் போகுமாம். புகையிலையும் பாக்கும் அதக்கி அதக்கி தாடை இறுகிப் போனவங்களுக்கு ஒரு விரல் போறதே கஷ்டமாம். "அருவா புடிச்ச கையைக் கழுவாம வாய்ல விடச் சொல்றீங்களே, நீங்க ஒரு டாக்டரா?"ன்னு நான் கத்துவேன். காதுல வாங்கவே மாட்டாரு.

ஆட்டோக்காரங்க, மார்க்கெட்ல மூட்டை தூக்கறவங்க, பூ கட்டற பொம்பளைங்க, லாட்ஜ்ல ரூம் பெருக்கறவங்கன்னு வருஷக்கணக்கா பாத்தாரு. யாரு என்ன அதக்கினாங்க, எப்போலேர்ந்து, இப்போ வாய் எவ்வளவு தொறக்குது, எல்லாத்தையும் சேத்து ஒரு ஆராய்ச்சி பண்ணாரு. ஞாயித்துக்கிழமை எங்களைக் கூட்டிக்கிட்டு ஒரு இடம் போனதில்ல. வீட்டுல கம்ப்யூட்டரைத் தொறந்தா வெந்து போன வாயா தெரியும். நான் அந்தப் பக்கமே போறதில்ல.

அந்த ஆராய்ச்சியப் பாத்துத்தான் மெட்ராஸ்லேர்ந்து கூப்பிட்டாங்க. வாசனை போட்ட புகையிலை பாக்கெட் ஒண்ணு புதுசா மார்க்கெட்டுக்கு வந்திருந்தது. இது குட்கா இல்ல, அதனால தடைக்குள்ள வராதுன்னு கம்பெனி சாதிக்குது. வருமா வராதான்னு விஞ்ஞானப்படி யோசிச்சு கவர்மெண்டுக்குச் சொல்ல ஒரு ஆலோசனைக் குழு போட்டாங்க. எங்க வீட்ல அதுக்கு கமிட்டின்னு பேரு. கமிட்டியில மத்த மெம்பருங்க அந்தப் பாக்கெட்டுக்குள்ள என்ன இருக்குன்னு பாத்தவங்க. அதக்கினவன் வாய் என்ன ஆச்சுன்னு பாத்த ஆள் இவர் ஒருத்தர்தான். மொத நாள் மீட்டிங்குக்குப் போறப்போ புதுச் சட்டை போட்டுக்கிட்டாரு. எனக்கும் பெருமைதான், இல்லைன்னு சொல்ல மாட்டேன்.

கமிட்டிக்கு ஒரு சட்டம் உண்டு. மெம்பருக்கோ அவர் சொந்தக்காரங்களுக்கோ, ரத்த உறவோ கல்யாண உறவோ, புகையிலை வியாபாரத்தோட எந்த ஒட்டும் இருக்கக் கூடாது. நாங்க நயினாருங்க, தமிழ் ஜைனம். எங்க ஆளுங்க கெழங்குகூட தொட மாட்டாங்க, புகையிலையைத் தொடுவாங்களா? இவர் யோசிக்காமலே ஒரு ஒட்டும் இல்லைன்னு எழுதிக் குடுத்துட்டாரு. அன்னிக்கு அது சத்தியமான வார்த்தை.

தை மாசம் எங்க பொண்ணு அக்ஷயாவுக்குத் தாம்பூலம் மாத்தினோம். மாப்பிள்ளை பேங்க்ல வேலை. அவங்கப்பா வீரேந்திரன் கீழ்பென்னாத்தூர்ல நெல்லும் மல்லாட்டையும், அதான் நெலக்கடலை, போடறவரு, பஸ் ஸ்டாண்ட் பக்கத்துல ஒரு குடோன் வேற இருக்கு. தங்கமான மனுஷன். அக்ஷயாவுக்கும் அந்தப் பையனுக்கும் மனசு ஒத்துப் போச்சு. வைகாசியில கல்யாணம்னு முடிவாச்சு.

பங்குனியில ஒரு நாள் கமிட்டி செக்ரட்டரி அன்பரசன் போன் பண்ணாரு. "டாக்டர், கம்பெனி வக்கீல் உங்க மேல ஆட்சேபணை கிளப்பியிருக்காரு. கீழ்பென்னாத்தூர் வீரேந்திரன் உங்க சம்பந்தியாமே? அவர் குடோனை அந்தக் கம்பெனிதான் வாடகைக்கு எடுத்திருக்குதாம்."

இவருக்கு மூஞ்சி செத்துப் போச்சு. அடுத்த பஸ்ஸைப் புடிச்சு ரெண்டு பேரும் கீழ்பென்னாத்தூர் போனோம். வீரேந்திரன் ஒண்ணும் தெரியாம சிரிச்ச முகமா வந்து, "வாங்க சம்பந்தி, வாங்கம்மா"ன்னு மோர் குடுத்தாரு. குடோன் பேச்சை எடுத்ததும் இன்னும் சந்தோஷம். "ஆமாங்க, மல்லாட்டை எடுத்த பின்னாடி சும்மாதானே கெடந்துது. மாசி மாசம் ஒரு ஆளு வந்து, அட்டைப் பொட்டி வெக்கணும்னு கேட்டான். வாடகையும் ஜாஸ்தி. அட்டைப் பொட்டியில என்னங்க பாவம்?"

மாசி மாசம். தாம்பூலம் மாத்தின அடுத்த மாசம். எங்க வீட்டு விசேஷத்தை எவனோ விசாரிச்சு, சம்பந்தி குடோன் காலியா இருக்குன்னு தேடிப் புடிச்சிருக்கான். இவர் மெதுவா அது யார் கம்பெனின்னு சொன்னாரு. வீரேந்திரன் கையிலிருந்த சொம்பைக் கீழ வெச்சுட்டாரு. "அய்யய்யோ! மூணு வருஷத்துக்குக் கையெழுத்துப் போட்டுட்டேனே. அட்வான்ஸைப் போர்வெல்லுல போட்டுட்டேனே. நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க, எப்பாடு பட்டாவது முறிச்சுடறேன்."

பொண்ணு வீட்டுக்காரர் மாப்பிள்ளை வீட்டுல போய், வெச்சதை எடு, எடுத்ததை வைன்னு எப்படிக் கேக்கறது? அதையும் மீறி இவர் அங்கிருந்தே அன்பரசனுக்குப் போன் போட்டாரு. இப்போ முறிச்சாலும் ஒட்டு இருந்தது இருந்ததுதானாம், சட்டம் விடாதாம். "ஒரே வழிதான் டாக்டர். இன்னும் தாலி ஏறல. சட்டப்படி அவர் எனக்கு சொந்தமில்லைன்னு மீட்டிங்ல சொல்லிடுங்க. முடிஞ்சு போச்சு"ன்னாரு அன்பரசன்.

முடிஞ்சு போச்சாம்! மெட்ராஸ்காரங்களுக்கு என்ன தெரியும்? எங்க ஜனம் ஒரு பிடி ஜனம். ஆரணியில தும்மினா வந்தவாசியில கேக்கும். தாம்பூலம் மாத்தின பின்னாடி பொண்ணைப் பெத்தவன் நாலு பேர் முன்னாடி "சொந்தமில்ல"ன்னா, சம்பந்தம் முறிஞ்சுதுன்னு அர்த்தம். அதை அந்த வக்கீல் அப்படியே புடிச்சு ஊருக்கெல்லாம் அனுப்ப மாட்டானா? அப்புறம் அக்ஷயாவை எவன் கேட்டு வருவான்? ஆனா சம்பந்தின்னு ஒத்துக்கிட்டா இவர் கமிட்டியிலிருந்து வெளிய. இந்தப் பக்கம் போனா பொண்ணு, அந்தப் பக்கம் போனா இத்தனை வருஷம் பாத்த வாயுங்க. வீட்டுக்கு வந்தவர் ரெண்டு வாரமா கூண்டுல போட்டாப்பல கூடத்துக்கும் சமையக்கட்டுக்கும் நடந்தாரு.

அக்ஷயாவே ஒரு நாள் வந்து, "கல்யாணத்தை நிறுத்திடலாம்பா"ன்னு சொல்லிட்டு அழுதா. "அசடு மாதிரி பேசாதே"ன்னு இவரும் அழுதாரு. நான் ரெண்டு பேரையும் திட்டினேன். வேற என்ன பண்றது, யாரைத் திட்டறதுன்னு எனக்குத் தெரியல.

மீட்டிங் அன்னிக்கு கம்ப்யூட்டர்லயே நடந்தது, கூடத்துல உக்காந்துதான் பேசினாரு. நானும் அக்ஷயாவும் சமையக்கட்டுல நின்னுக்கிட்டு இருந்தோம். கம்பெனி வக்கீல் ரொம்ப மரியாதையாத்தான் கேட்டான். "டாக்டர் சார், கீழ்பென்னாத்தூர் வீரேந்திரன் உங்களுக்கு என்ன வேணும்?"

இவர் வாயைத் தொறக்கறதுக்குள்ள அன்பரசன் குரல், "டாக்டர், கல்யாணம் இன்னும் ஆகலைதானே?"ன்னு எடுத்துக் குடுத்துது. இவர் திரும்பி ஒரு தரம் சமையக்கட்டைப் பாத்தாரு. அப்புறம், "அவர் என் சம்பந்தி"ன்னாரு.

அவ்வளவுதான். நன்றி சொல்லி அனுப்பி வெச்சுட்டாங்க. அதோட விட்டாங்களா? ஒட்டு இருக்கறவர் பண்ண ஆராய்ச்சின்னு அதையும் கணக்குல சேக்கக் கூடாதுன்னுட்டான் வக்கீல். ஒத்துக்கிட்டாங்க. எளநிக்காரர், மூட்டைக்காரங்க, பூக்காரம்மா எல்லாரையும் ஒரே மூச்சுல தள்ளிட்டாங்க. கடைசியில கமிட்டி, போதுமான ஆதாரம் இல்ல, இன்னும் ஆராயணும்னு எழுதிச்சு. அதுவரைக்கும் பாக்கெட் விக்கலாம். ஆஸ்பத்திரி எதிர்ல இருக்கற பொட்டிக்கடையிலயே சரம் சரமா தொங்குது. "உங்களை எவன் வாயைத் தொறக்கச் சொன்னது?"ன்னு நான் தெனம் இவரைப் பொரிஞ்சு தள்ளினேன்.

சித்திரையில ஒரு நாள் சாயங்காலம் வீரேந்திரன் வந்தாரு. பத்திரிகை வெக்க வந்திருக்காருன்னு நெனச்சேன். வாசல்லயே நின்னாரு. "சம்பந்தி, அவனுங்க குடோனைக் காலி பண்ணிட்டோம்னு சாவியைக் குடுத்துட்டானுங்க. போய்த் தொறந்து பாத்தேன். ஒரு அட்டைப் பொட்டிகூட வெக்கவே இல்லீங்க. என் மல்லாட்டைத் தூசி அப்படியே கெடக்குது."

"எப்படிங்க வெப்பான்? அவனுக்கு வேண்டியது குடோன் இல்லையே"ன்னாரு இவர்.

"இனிமே உங்களைத் திரும்ப சேத்துக்குவாங்கதானே?"

"மாட்டாங்க சம்பந்தி."

வீரேந்திரன் துண்டால வாயைப் பொத்திக்கிட்டு அழுதாரு. பெரிய மனுஷன் அழறதைப் பாக்க முடியல. "உங்க மேல என்ன தப்பு? பொழுது சாயுது, வந்து சாப்பிடுங்க மொதல்ல"ன்னு இவர் கையைப் புடிச்சு உள்ள கூட்டிக்கிட்டு வந்தாரு. இருட்டின பின்னாடி நாங்க சாப்பிடறதில்ல. அவசர அவசரமா ரெண்டு இலை போட்டேன். வீரேந்திரன் எப்படியோ ரெண்டு வாய் தின்னுட்டு பஸ்ஸுக்குக் கெளம்பினாரு. இவர் சாதத்தைப் பெசஞ்சது பெசஞ்சபடி இருட்டற வரைக்கும் உக்காந்திருந்தாரு.

நான் இலையை எடுக்கக் குனிஞ்சேன். "தேவி, தாலி ஏறல, சொந்தமில்லைன்னு சொல்லியிருக்கலாமோ?"ன்னு கேட்டாரு. ஒரு மாசமா நான் கேட்டதைத்தான் இப்போ அவர் என்கிட்ட கேக்கறாரு. பதில் சொல்ல நிமிந்தேன். கதவண்ட அக்ஷயா நிக்கறா, தைக்கக் குடுத்து வந்த கல்யாண ஜாக்கெட் அவ கையில.

"என்ன பேச்சு இது, எழுந்து கையைக் கழுவுங்க"ன்னு கத்தினேன். அவர் எழுந்துக்கல. அக்ஷயா உள்ள போய் கதவைச் சாத்திக்கிட்டா.