பணியாரச் சட்டியில் சாசேஜ்

என் மருமகள் வீட்டுக்கு வந்து மூன்று மாதம் ஆகியும் ஒரு நாள்கூடக் காலையில் என் கையால் சாப்பிடவில்லை. நின்றபடியே அரை டம்ளர் காப்பி குடிப்பாள். "நேரமாச்சு அத்தை" என்பாள். ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு புக்கிட் ரம்பாய் தொழிற்சாலைக்குக் கிளம்பிவிடுவாள். நான் சுட்ட மூன்று தோசையும் தட்டில் கிடந்து ஆறும். அதை என் கணவர் இரண்டாவது பசியாறலாக முடித்துவைப்பார். மருமகள் வந்ததில் எடை கூடியது அவருக்குத்தான்.

இதை யாராவது சின்ன விஷயம் என்று சொன்னால் எனக்குக் கோபம் வரும். மெர்லிமாவ் பக்கம் ஒரு தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் இருபது வருஷம் கேண்டீன் நடத்தியவள் நான். சாப்பிட மாட்டேன் என்று வாயை இறுக்கிக்கொண்ட எத்தனை பிள்ளைகளை வழிக்குக் கொண்டுவந்திருக்கிறேன். அரிசிச் சேமியாவில் செய்த மீகூன் தட்டை முன்னால் வைத்துவிட்டுப் பக்கத்திலேயே நிற்பேன். கடைசி வாய் உள்ளே இறங்குகிறவரை நகர மாட்டேன். தலைமையாசிரியரே என் முன்னால் தட்டில் மிச்சம் வைக்க யோசிப்பார். அப்படிப்பட்டவள் புக்கிட் காத்திலில் சொந்த வீட்டுச் சமையலறையில், ஒற்றை ஆளிடம் தோற்றுக்கொண்டிருந்தேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மகன் வந்து பக்கத்தில் உட்கார்ந்தான். அவன் தானாக வந்து உட்கார்ந்தாலே ஏதோ இருக்கிறது என்று அர்த்தம்.

"மா, பேக்டரி பக்கத்துலயே ஒரு வீடு வாடகைக்கு வருது. இவளுக்கு அலைச்சல் கம்மியாகும். இந்த வாரக் கடைசிக்குள்ள ஓனருக்குப் பதில் சொல்லணும்."

"அலைச்சல்தான் காரணமா, இல்ல என் சமையலா?"

"அதெல்லாம் ஒண்ணும் இல்லமா. சும்மாதான்லா."

ஒரு நிமிடம் முன்னால் அலைச்சல் என்றவன், இப்போது சும்மா என்கிறான். ஒரே பிள்ளை. அவனும் போய்விட்டால் இந்த வீட்டில் நானும் என் கணவரும் தொலைக்காட்சியும்தான் மிச்சம். அதில் தொலைக்காட்சி ஒன்றுதான் வாயைத் திறந்து பேசும். அவர்கள் போகக்கூடாது. அதற்கு அவள் இந்த வீட்டில் ஒரு வேளையாவது நிம்மதியாகச் சாப்பிட வேண்டும். சாப்பிடாத வீட்டில் யார் தங்குவார்கள்?

மறுநாள் அவளுடைய பையைத் துவைக்க எடுத்தேன். துவைக்கத்தான் எடுத்தேன். உள்ளே ஒரு காகிதப் பொட்டலம் கசங்கிக் கிடந்தது. பெட்ரோல் நிலையத்துக் கடையில் கண்ணாடிப் பெட்டிக்குள் சூடாக வைத்து விற்பார்களே, அந்தப் பொட்டலம். மோந்து பார்த்தேன். சாசேஜ், பேன்கேக். ஆக, வழியில் வண்டியை நிறுத்திச் சாப்பிடுகிறாள். பசியில்லாமல் இல்லை, என் தோசைதான் வேண்டாம். இருபது வருஷ அனுபவத்தை ஒரு பெட்ரோல் நிலையம் அடித்துப் போட்டுவிட்டது.

சரி, அதையே நான் செய்து காட்டுகிறேன் என்று முடிவு கட்டினேன்.

கைப்பேசியில் தேடினால் வெள்ளைக்காரப் பெண்மணி ஒருத்தி சிரித்துக்கொண்டே வந்தாள். மாவைக் கலக்கி, குழிக் குழியாக இருந்த தட்டில் ஊற்றி, நடுவில் சாசேஜ் துண்டைப் போட்டு ஓவனுக்குள் தள்ளினாள். பத்தே நிமிடம் என்றாள். அந்த வீடியோக்களில் யாரும் பாத்திரம் கழுவுவதே இல்லை, கவனித்திருக்கிறீர்களா? எங்கள் வீட்டிலும் ஓவன் இருக்கிறது. அதற்குள் மூடி இல்லாத டப்பாக்களும் டப்பா இல்லாத மூடிகளும் குடியிருக்கின்றன. அவற்றைக் காலி செய்வதற்கு ஒரு வாரம் பிடிக்கும். அந்தப் பெண்ணின் தட்டை மறுபடி பார்த்தேன். குழி, குழி, குழி. நம் பணியாரச் சட்டிதான் அது, கொஞ்சம் நாகரிகமாக இருக்கிறது, அவ்வளவுதான்.

சாசேஜ் வாங்கப் பேரங்காடிக்குப் போனேன். கண்ணாடியை வீட்டிலேயே வைத்துவிட்டேன். குளிர்பெட்டி நிறையச் சிவப்புச் சிவப்பாகப் பொட்டலங்கள். எது கோழி, எது மாடு என்று தெரியவில்லை. தவறி மாட்டை எடுத்துக்கொண்டு போனால் வீடே தீட்டாகிவிடும். பக்கத்தில் நின்ற மலாய்க்கார அம்மாவிடம் நீட்டி, "கக், இனி ஆயாம் கே, லெம்பு கே?" என்று கேட்டேன். கோழிதான் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். அந்த அம்மா பொட்டலத்தைத் திருப்பி, காலாவதித் தேதியிலிருந்து உப்பின் அளவு வரை நிதானமாகப் படித்தார். பிறகு, இதையெல்லாம் பிள்ளைகளுக்குக் கொடுக்காதே, உடம்புக்கு ஆகாது என்று எனக்குப் புத்தி சொல்லிவிட்டு, தன் வண்டியில் நான்கு பொட்டலம் எடுத்துப் போட்டுக்கொண்டு போனார்.

புதன்கிழமை, மகனும் மருமகளும் வேலைக்குப் போன பிறகு, முதல் முயற்சி. மாவு, முட்டை, பால், சீனி என்று கலக்கிக்கொண்டே இருந்தேன். கை என்னைக் கேட்காமலே வெங்காயம் அரிந்தது, பச்சைமிளகாய் கிள்ளியது, கறிவேப்பிலை உருவியது. எல்லாம் மாவுக்குள் போய்விட்டது. என் கணவர் ஒன்றைத் தின்று பார்த்து, "நல்லாத்தான் இருக்கு. சட்னி எங்க?" என்றார். சட்னி கேட்டுவிட்டார் என்றால் அது பேன்கேக் இல்லை.

வியாழக்கிழமை பால் தீர்ந்துபோய்க் கடைக்கு ஓடினேன். திரும்பி வந்து சாயந்தரம் முழுக்க அடுப்படியிலேயே நின்றேன். முதல் ஈட்டில் சோடா மாவு கூடிப்போய், ஏழு குழியும் பொங்கி ஒன்றோடொன்று கைகோத்து, ஒரே அடையாக வந்தது. அதையும் அவர்தான் சாப்பிட்டார். அடுத்த ஈட்டில் பிடிபட்டுவிட்டது. பாதிக் குழிக்கு மாவு, மேலே ஒரு சாசேஜ் வில்லை, அதை மூடுகிற அளவுக்கு இன்னும் ஒரு கரண்டி, தணல் குறைவு, ஓரம் உலர்ந்ததும் கம்பியால் ஒரு திருப்பு. உருண்டு திரண்டு பொன்னிறமாக எழுந்தன. பெட்ரோல் நிலையக்காரன் வந்து என்னிடம் கற்றுக்கொள்ள வேண்டும் என்று சத்தமாகவே சொன்னேன்.

மறுநாள் ஐந்து மணிக்கெல்லாம் அடுப்பைப் பற்றவைத்துவிட்டேன். ஐந்தரைக்கு இரண்டு ஈடு இறங்கிவிட்டது. ருசி பார்க்க நான் இரண்டு போட்டுக்கொண்டேன். என் கணவர் எழுந்து வந்து நான்கு எடுத்துக்கொண்டார். நல்ல பீங்கான் தட்டு ஒன்றை எடுத்து, எட்டு உருண்டையை வட்டமாக அடுக்கி, நடுவில் தேன் கிண்ணம் வைத்தேன். மருமகள் படியிறங்கி வந்தாள். தலைக்குக் குளித்து, துண்டு சுற்றி, நெற்றியில் விபூதி இட்டிருந்தாள். தட்டைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். மறுபடி தட்டைப் பார்த்தாள்.

"அத்தை, இன்னிக்கு வெள்ளிக்கிழமை."

சுவரில் நாள்காட்டியைப் பார்த்தேன். கிழிக்காமல் புதன்கிழமையிலேயே நின்றுகொண்டிருந்தது. வியாழன் சாயந்தரமானால் குத்துவிளக்கைப் புளி போட்டுத் தேய்ப்பேன், அதை வைத்துத்தான் மறுநாள் வெள்ளி என்று எனக்குப் புத்தியில் ஏறும். நேற்று விளக்குப் பக்கமே போகவில்லை. கல்யாணமான நாளிலிருந்து வெள்ளிக்கிழமை முட்டையைக்கூடத் தொடாதவள், குளிக்காமல் கொள்ளாமல் கோழி சாசேஜ் சுட்டு, இரண்டைத் தின்றும்விட்டேன். சாமி மேடை பத்தடி தூரத்தில்தான். சாம்பிராணிக்கு முன்னால் சாசேஜ் புகை அங்கே போய்ச் சேர்ந்திருந்தது.

"உங்களுக்குத் தெரியாதா வெள்ளிக்கிழமைன்னு?" என்று கணவர் மேல் பாய்ந்தேன்.

"தெரியும்."

"அப்புறம் ஏன் தின்னீங்க?"

"நீயே சுட்டுக் குடுக்குற. நான் என்னத்தக் கேக்குறது?"

மருமகள் வாயைப் பொத்திக்கொண்டாள். முடியவில்லை. சிரித்துச் சிரித்துக் கண்ணில் நீர் வந்து, நாற்காலியை இழுத்து உட்கார்ந்துவிட்டாள். எங்கள் சமையலறை நாற்காலியில் அவள் காலையில் உட்கார்ந்து நான் பார்த்தது அன்றுதான். எனக்கும் சிரிப்பு வந்திருக்கும். ஆனால் மூன்று நாள் உழைப்பு பாழான ஆத்திரம் முந்திக்கொண்டது.

"சரி, இன்னிக்கு வெள்ளி. மத்த நாளெல்லாம் என்னம்மா? என் தோசையில அப்படி என்ன குறை?"

"தோசை நல்லாத்தான் இருக்கும்போல அத்தை. வாசனையே தெரியுது."

"அப்புறம்?"

அவள் சிரிப்பை நிறுத்தினாள். துண்டின் ஓரத்தை விரலில் சுற்றினாள்.

"வந்த முதல் நாள் ராத்திரி சாப்பிட உட்காந்தேன் அத்தை. நீங்க பக்கத்துலயே நின்னீங்க. ஒவ்வொரு வாய்க்கும் என் வாயவே பாத்தீங்க. எனக்கு உள்ள இறங்கவே இல்ல. நீங்க மனசு சங்கடப்படுவீங்கன்னுதான் நேரமாச்சுன்னு சொல்லிட்டுப் போறது."

"பெட்ரோல் ஸ்டேஷன்ல மட்டும் எப்படி இறங்குது?"

கேட்ட பிறகுதான், பையைப் பார்த்ததை நானே சொல்லிவிட்டேன் என்று உறைத்தது. அவள் அதைக் கண்டுகொள்ளவில்லை.

"அங்க யாரும் என்னப் பாக்க மாட்டாங்க அத்தை."

சாப்பிடுகிறவரைப் பக்கத்தில் நின்று கவனிப்பது மரியாதை, வந்த பெண் பசியோடு போகக்கூடாது என்ற அக்கறை, இன்னும் என்னென்னவோ நாக்கு நுனி வரை வந்துவிட்டது. அப்போதுதான் என்னையே பார்த்தேன். கையில் பணியாரக் கம்பியோடு, அவளுக்கு ஒரு முழத் தூரத்தில், அவள் வாயைப் பார்த்தபடி நின்றுகொண்டிருந்தேன். எனக்குச் சுருக்கென்றது. பள்ளிக்கூடத்துப் பிள்ளைகள் அவ்வளவு வேகமாகச் சாப்பிட்டது என் மீகூன் ருசிக்காகத்தான் என்று இருபது வருஷம் நம்பியிருந்தேன்.

"பசிக்குது அத்தை," என்றாள் மெதுவாக. "பிசாங் இருக்கா? முட்டை இல்லாமலே மாவுல மசிச்சுப் போட்டுச் சுட்டுக்கலாம். நானே சுட்டுக்கிறேன். நீங்க கொஞ்ச நேரம் வெளிய இருங்களேன்."

வாழைப்பழச் சீப்பை எடுத்துக் கொடுத்தேன். என் வீட்டுச் சமையலறையிலிருந்து என்னை ஒருவர் வெளியே அனுப்பியது அதுதான் முதல் தடவை. பின்கதவைத் திறந்துகொண்டு சந்தில் போய் நின்றேன். என் கணவரும் பின்னாலேயே வந்தார். அவரை யாரும் அனுப்பவில்லை, உள்ளே இருந்தால் இன்னும் திட்டு விழும் என்ற பயம்தான்.

ஜன்னல் திறந்துதான் இருந்தது. கரண்டிச் சத்தம் கேட்டது. தோசைக்கல்லை அடுப்பில் வைக்கும் சத்தம், மாவு விழும் சத்தம், பிறகு நாற்காலி இழுபடும் சத்தம். கொஞ்ச நேரத்தில் மகன் இறங்கி வந்த காலடி.

"என்ன, இங்க உக்காந்து சாப்புடுற?" என்றான். அப்புறம் குரலைத் தாழ்த்தினான். சந்தில் நிற்கிறவர்களுக்கு எல்லாம் கேட்டது. "அந்த ஓனர் மறுபடி போன் பண்ணிட்டாரு. என்ன சொல்ல?"

வாயில் இருந்ததை மென்று முடிக்கிறாள் என்று புரிந்தது. என் வாழ்நாளில் ஒருத்தர் மென்று முடிப்பதற்காக நான் அவ்வளவு நேரம் காத்திருந்ததில்லை.

"இப்ப வேணாம்னு சொல்லுங்க. ஒரு மாசம் போகட்டும்லா," என்றாள். "சாப்பிட விடுங்க என்னய."

ஒரு மாதம். அவள் எத்தனை சுட்டாள், எத்தனை சாப்பிட்டாள், தேன் தொட்டுக்கொண்டாளா என்று தெரிய எனக்கு உடம்பெல்லாம் பரபரத்தது. கழுத்து தானாக ஜன்னல் பக்கம் போனது.

"திரும்பாத," என்றார் என் கணவர்.

நான் எதிர்வீட்டுக் குப்பைத் தொட்டியைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.